மூன்றரைக் கட்டை ஏன் இல்லை: மேஜர் ஸ்கேலும் கட்டைகளுக்குள் இருக்கும் உறவும்

பாடும் சுருதியைக் கட்டைக் கணக்கில் சொல்வார்கள்; அதில் மூன்றரைக் கட்டை என்று யாராவது சொல்லிக் கேட்டதுண்டா? ஒன்றரைக் கட்டை உண்டு, இரண்டரை உண்டு, நாலரை, ஐந்தரை, ஆறரை எல்லாம் உண்டு. மூன்றரையும் ஏழரையும் மட்டும் கிடையாது. புளியந்தோப்பிலும் வியாசர்பாடியிலும் கானாக் கச்சேரி மேடையில் "அஞ்சரைல எடுப்பா" என்று கேட்டுப் பழகியவருக்கு, மேஜர் ஸ்கேலின் பாதி இலக்கணம் இந்த விடுபாட்டிலேயே இருக்கிறது.

கீபோர்டில் வெள்ளைக் கட்டைகளை சி-யிலிருந்து எண்ணுங்கள். சி 1, டி 2, ஈ 3, எஃப் 4, ஜி 5, ஏ 6, பி 7. நடுவில் வரும் கறுப்புக் கட்டைகள்தான் அரைகள்: 1½, 2½, 4½, 5½, 6½. ஈ-க்கும் எஃப்-க்கும் நடுவே கறுப்பு இல்லை, அதனால் மூன்றரை இல்லை. பி-க்கும் மேல் சி-க்கும் நடுவிலும் கறுப்பு இல்லை, அதனால் ஏழரை இல்லை.

ஒரு கட்டையிலிருந்து அதை ஒட்டிய அடுத்த கட்டைக்கு, அது கறுப்போ வெள்ளையோ, உள்ள தூரம் ஓர் அரை. இரண்டு அரை சேர்ந்தால் ஒரு முழு. சி-யில் தொடங்கி வெள்ளைகளை மட்டும் தொட்டுக்கொண்டு போனால் வரும் தூரங்கள்: முழு, முழு, அரை, முழு, முழு, முழு, அரை. மேஜர் ஸ்கேல் என்பது இந்த ஏழு அடிதான். சுரமாகச் சொன்னால் க-வுக்கும் ம-வுக்கும் நடுவே ஓர் அரை, நி-க்கும் மேல் ச-வுக்கும் நடுவே ஓர் அரை, மற்றதெல்லாம் முழு. கர்நாடக சங்கீதத்தில் 29-ஆவது மேளமான சங்கராபரணத்தின் ஏழு சுரமும் இதே இடங்களில்தான் நிற்கின்றன. பாட்டு வகுப்புக்குப் போன பிள்ளைக்கு மேஜர் ஸ்கேல் புதிதில்லை. இடம் மாற்றி வாசிப்பதுதான் புதிது.

2 கட்டையில், அதாவது டி-யில், அதே அடிகளை வையுங்கள். டி, ஒரு முழு ஏறினால் ஈ, இன்னொரு முழு ஏறினால் எஃப் ஷார்ப் (எஃப்-க்கு அரை மேலே உள்ள கறுப்பு), அரை ஏறினால் ஜி, பிறகு ஏ, பி, சி ஷார்ப், கடைசி அரையில் மேல் டி. இரண்டு கறுப்பு வந்துவிட்டது. புதிதாகப் பழகுகிறவர்கள் சறுக்கும் இடம் அந்த எஃப். விரல் வெள்ளையிலேயே போய் எஃப்-ஐத் தொட்டு, பிறகு சி-யையும் வெள்ளையாகவே வாசித்துவிட்டால், கையில் இருப்பது கரகரப்ரியா ராகம். மேஜர் பாட்டின் முகமே மாறிவிடும். காதுக்கு "ஏதோ சோகமா இருக்கே" என்று பட்டால் முதலில் க-வைப் பாருங்கள். ச-விலிருந்து க-வுக்கு நான்கு அரை இருக்க வேண்டும். மூன்றாக இருந்தால் அது மைனர் பக்கம் போய்விட்ட க.

பெயர் எழுதும்போது ஒரு விதி உண்டு. ஏழு எழுத்தும் ஒவ்வொரு முறைதான் வர வேண்டும், ஒன்றும் விடுபடக் கூடாது. எஃப் மேஜரில் நாலாவதாக வரும் கறுப்பை ஏ ஷார்ப் என்று எழுதினால் ஏ இரண்டு முறை வரும், பி காணாமல் போகும். ஆகவே அது பி ஃபிளாட், அதாவது பி-க்கு அரை கீழே உள்ளது. கீபோர்டில் இரண்டும் ஒரே கட்டைதானே, பிறகென்ன என்று தோன்றலாம். நோட்டேஷன் பார்த்து வாசிக்கும் டிரம்பெட்காரர் பக்கத்தில் உட்கார்ந்தால் இதன் அருமை தெரியும்.

நாலு விரல், இரண்டு கை

கட்டைகளுக்குள் இருக்கும் உறவை வட்டமாகப் படம் போட்டு மனப்பாடம் செய்யச் சொல்வார்கள். கையால் கண்டுபிடித்தால் மறக்காது. செய்து பாருங்கள்.

இரண்டு கட்டைவிரலையும் மடக்கிக்கொள்ளுங்கள். இடது கையின் மற்ற நாலு விரலை சி, டி, ஈ, எஃப் மேல் வையுங்கள். சுண்டுவிரல் சி-யில், ஆள்காட்டி எஃப்-இல். வலது கையின் நாலு விரலை ஜி, ஏ, பி, சி மேல் வையுங்கள். ஆள்காட்டி ஜி-யில், சுண்டுவிரல் மேல் சி-யில். இடமிருந்து வலமாக எட்டையும் வாசியுங்கள். இப்போது கைகளைக் கவனியுங்கள். இடது கையில் முழு, முழு, அரை. வலது கையிலும் முழு, முழு, அரை. இரண்டு கைக்கும் நடுவில் ஒரு முழு. ச ரி க ம-வும் ப த நி ச-வும் ஒரே அச்சில் வார்த்தவை.

அடுத்து, இடது கையைத் தூக்கி, வலது கை இருந்த ஜி, ஏ, பி, சி-யில் வையுங்கள். வலது கையை அதற்கு மேலே டி, ஈ, எஃப், ஜி-க்குக் கொண்டுபோங்கள். வாசித்தால் வலது கையில் வடிவம் கெட்டிருக்கும்: டி-ஈ முழு, ஈ-எஃப் அரை, எஃப்-ஜி முழு. முழு, முழு, அரை வர வேண்டுமானால் எஃப்-ஐ அரை ஏற்றி எஃப் ஷார்ப் ஆக்க வேண்டும். ஏற்றிவிட்டால் ஜி மேஜர் கைக்குள் வந்துவிட்டது. சி மேஜரோடு ஒப்பிட்டால் மாறியது ஒரே ஒரு சுரம். பழைய ம அரை ஏறி, புதிய நி ஆகியிருக்கிறது.

திரும்பவும் அதையே செய்யுங்கள். இடது கை டி-க்குப் போகும், வலது கை ஏ, பி, சி ஷார்ப், டி. டி மேஜர். இன்னும் ஒரு தரம் செய்தால் ஏ மேஜர். ஒவ்வொரு தாவலிலும் பழைய ப புதிய ச ஆகிறது, பழைய ம உயர்ந்து புதிய நி ஆகிறது, மற்ற ஆறும் அப்படியே நிற்கின்றன.

இறங்கு முகமாகவும் போகலாம். வலது கை சி, டி, ஈ, எஃப்-ஐ வாங்கிக்கொள்ளட்டும், இடது கை கீழே எஃப், ஜி, ஏ, பி-க்குப் போகட்டும். இப்போது கெடுவது பி. அதை அரை இறக்கி பி ஃபிளாட் ஆக்கினால் எஃப் மேஜர். இங்கே பழைய நி இறங்கிப் புதிய ம ஆகிறது.

இந்த இரண்டு வாக்கியம் உள்ளே இறங்கிவிட்டால் பன்னிரண்டு மேஜர் ஸ்கேலையும் தனித்தனியாகப் படிக்க வேண்டியதில்லை. ஏறு முகத்தில் ம உயர்ந்து நி ஆகும். இறங்கு முகத்தில் நி தாழ்ந்து ம ஆகும்.

பழந்தமிழ் இசை இலக்கணத்தில் இப்படி ஐந்தாம் சுரமாகத் தொடுத்து வருபவற்றுக்குக் கிளை என்று பெயர். குரல், இளி, துத்தம், விளரி, கைக்கிளை. குரலை ச என்று கொண்டால் ச, ப, ரி, த, க. சி-யில் வைத்தால் சி, ஜி, டி, ஏ, ஈ. மேற்கத்திய வட்டத்தின் ஒரு பக்கம் அதே வரிசையில் இருக்கிறது. கிளை என்றால் சுற்றம், உறவு. இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது.

முழுப் பட்டியலைக் கட்டை எண்ணோடு தருகிறோம். ஒவ்வொரு வரியும் முந்தைய வரியில் இருப்பதையும் சேர்த்துக்கொள்ளும்.

1 கட்டை, சி: எல்லாம் வெள்ளை
5 கட்டை, ஜி: எஃப் ஷார்ப்
2 கட்டை, டி: கூடவே சி ஷார்ப்
6 கட்டை, ஏ: கூடவே ஜி ஷார்ப்
3 கட்டை, ஈ: கூடவே டி ஷார்ப்
7 கட்டை, பி: கூடவே ஏ ஷார்ப்
4½ கட்டை, எஃப் ஷார்ப்: கூடவே ஈ ஷார்ப், கையில் அது வெள்ளை எஃப்தான்

மறுபடி சி-யிலிருந்து இறங்கு முகம்:

4 கட்டை, எஃப்: பி ஃபிளாட்
6½ கட்டை, பி ஃபிளாட்: கூடவே ஈ ஃபிளாட்
2½ கட்டை, ஈ ஃபிளாட்: கூடவே ஏ ஃபிளாட்
5½ கட்டை, ஏ ஃபிளாட்: கூடவே டி ஃபிளாட்
1½ கட்டை, டி ஃபிளாட்: கூடவே ஜி ஃபிளாட்
4½ கட்டை, ஜி ஃபிளாட்: கூடவே சி ஃபிளாட், கையில் அது வெள்ளை பி

இரண்டு பக்கமும் 4½ கட்டையில் வந்து கை கோத்துக்கொள்கின்றன. ஒவ்வொரு தாவலும் ஏழு அரை. பன்னிரண்டு தாவல் 84 அரை. ச-விலிருந்து மேல் ச வரை உள்ள பன்னிரண்டு அரை ஒரு ஸ்தாயி என்பதால், அது சரியாக ஏழு ஸ்தாயி.

பழகும் வரிசையையும் இதிலிருந்தே எடுங்கள். சி முடிந்ததும் அதை ஒட்டிய 1½ கட்டைக்குப் போகிறவர்கள் அதிகம். அது வீண் கஷ்டம். சி-க்கும் டி ஃபிளாட்டுக்கும் பொதுவானவை சி, எஃப் என்று இரண்டே சுரம், ஐந்து புதிது. சி, ஜி, டி, ஏ என்று ஒரு பக்கமும், எஃப், பி ஃபிளாட், ஈ ஃபிளாட் என்று மறுபக்கமும் போங்கள். வாரத்துக்கு ஒன்று போதும். தாளத் தட்டுப் போடும் மெட்ரோனோமை நிமிடத்துக்கு 60 தட்டு என்று வைத்து, ஒரு தட்டுக்கு ஒரு சுரம், ஏற்றமும் இறக்கமும் பத்து முறை தடங்கலில்லாமல் வந்த பிறகு ஒரு தட்டுக்கு இரண்டு.

விரல் போடுவதில் ஒரு சங்கதி. சி, ஜி, டி, ஏ, ஈ எல்லாவற்றுக்கும் வலது கை ஒன்றுதான்: கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல், பிறகு கட்டைவிரல் உள்ளே நுழைந்து ம-வைப் பிடிக்கும். எஃப் மேஜரில் அதே பழக்கத்தில் போனால் கட்டைவிரல் பி ஃபிளாட் என்ற கறுப்பின் மேல் ஏற வேண்டிவரும். கை முறுக்கிக்கொள்ளும், முழங்கை வெளியே தூக்கும், வேகம் அங்கேயே நின்றுவிடும். எனவே எஃப்-இல் மட்டும் மோதிரவிரல் வரை நாலு விரலையும் போட்டு, பி ஃபிளாட்டை மோதிரவிரலால் தொட்டு, சி-யில் கட்டைவிரலை நுழையுங்கள். கட்டைவிரல் எப்போதும் வெள்ளையில் இறங்கும்படி பார்த்துக்கொண்டால் மற்ற ஃபிளாட் ஸ்கேல்களும் வசப்படும்.

பாடுகிறவரின் கட்டையைப் பிடிப்பது

கானா மேடையில் பாடகர் சுருதி கேட்டுக்கொண்டு நிற்பதில்லை; டோலக் தட்டியதும் எடுத்துவிடுவார். நாம்தான் ஓடிப் பிடிக்க வேண்டும். பல்லவி எந்தச் சுரத்தில் வந்து இளைப்பாறுகிறதோ அதை ச என்று முதலில் கொள்ளுங்கள். ச-வையும் ப-வையும் மட்டும் மெதுவாகப் பிடித்து வையுங்கள், க-வைச் சேர்க்காதீர்கள். மேஜரா மைனரா என்று இன்னும் தெரியாதபோது க போட்டால் மாட்டிக்கொள்வோம். இன்னொரு காரணமும் உண்டு. நீட்டிப் பாடும்போது குரல் இயல்பாகத் தேடும் க, கீபோர்டின் க-வைவிட ஓர் அரையில் ஏழில் ஒரு பங்கு அளவுக்குத் தாழ்ந்தது. இரண்டும் ஒன்றாக நீண்டால் உராயும்.

ச பிடித்துவிட்டோம் என்று நிம்மதியாக இருக்கும்போதுதான் தவறு நடக்கும். பாடகர் 5 கட்டையில் பாடுகிறார், நீங்கள் 1 கட்டை என்று நினைத்துவிட்டீர்கள் என்று வைத்துக்கொள்வோம். ஏழில் ஆறு சுரம் பொது என்பதால் பல்லவி முழுக்க ஒட்டிக்கொண்டே போகும். சரணத்தில் அவர் எஃப் ஷார்ப்பைத் தொடும்போது உங்கள் கையில் எஃப் இருக்கும், அங்கே உடையும். சுற்றத்தார் முகச்சாயல் குழப்புவதுபோல அடுத்தடுத்த கட்டைகள்தான் அதிகம் குழப்பும். 1½-ஐ 1 என்று யாரும் நினைப்பதில்லை, அது உடனே குத்திவிடும்.

ஆகவே சோதனை இரண்டே சுரத்தில். நீங்கள் நினைக்கும் ச-விலிருந்து ம-வையும் நி-யையும் கவனியுங்கள். பாடகரின் ம உங்களுடையதைவிட அரை உயர்வாக வந்தால், அநேகமாக உங்கள் ப-தான் அவருடைய ச. அவருடைய நி உங்களுடையதைவிட அரை தாழ்வாக வந்தால், உங்கள் ம-தான் அவருடைய ச.

"அநேகமாக" என்று சொல்லக் காரணம் ராகம். 1 கட்டையில் கல்யாணி பாடினால் அதில் வரும் சுரங்களும் ஜி மேஜரின் சுரங்களும் ஒன்றேதான். 1 கட்டையில் ஹரிகாம்போதி, எஃப் மேஜரின் சுரங்களைக் கொண்டது. சுரத்தை மட்டும் எண்ணினால் ஏமாந்துவிடுவோம். பாட்டின் அடி எந்தச் சுரத்தில் வந்து உட்காருகிறது என்று கேளுங்கள். ஜி-யில் உட்கார்ந்தால் ஜி மேஜர், சி-யில் உட்கார்ந்தால் கல்யாணி. கல்யாணிக்கு ஜி மேஜர் பாட்டின் கார்டு (சேர்த்து ஒலிக்கும் சுரக் கொத்து) நடையைப் போட்டால், ஒவ்வொரு அடி முடிவிலும் பாடகர் ஒரு பக்கமும் நீங்கள் ஒரு பக்கமும் நிற்பீர்கள்.

மைனரும் இப்படியே. ஒவ்வொரு மேஜருக்கும் அதே ஏழு சுரத்தைப் பகிர்ந்துகொள்ளும் மைனர் ஒன்று உண்டு. ச-விலிருந்து மூன்று அரை கீழே இருக்கும். சி மேஜருக்கு ஏ மைனர், நம் கணக்கில் 6 கட்டை நடபைரவி. மைனர் பாட்டில் நி அரை உயர்ந்து ஜி ஷார்ப் ஆக வருவது மிகச் சாதாரணம். அப்போது அது கீரவாணி. ஜி ஷார்ப்பைக் கேட்டதும் ஏ மேஜர் என்று தாவிவிடாதீர்கள். க-வைப் பாருங்கள். சி இருந்தால் மைனர், சி ஷார்ப் இருந்தால் மேஜர்.

ஒரு கட்டையிலிருந்து இன்னொன்றுக்குப் போவது

சி மேஜரின் கார்டுகள்: சி, டி மைனர், ஈ மைனர், எஃப், ஜி, ஏ மைனர், பி டிமினிஷ்டு (பி, டி, எஃப்). ஜி மேஜரின் கார்டுகள்: ஜி, ஏ மைனர், பி மைனர், சி, டி, ஈ மைனர், எஃப் ஷார்ப் டிமினிஷ்டு. இரண்டிலும் இருப்பவை நாலு: சி, ஈ மைனர், ஜி, ஏ மைனர். இவை இரண்டு வீட்டுக்கும் பொதுவான வாசல்கள். சி-யிலிருந்து ஜி-க்குப் போக ஏ மைனர், டி செவன்த் (டி கார்டோடு சி-யையும் சேர்த்தது), ஜி என்று வாசியுங்கள். ஏ மைனர் வரும்போது கேட்பவர் இன்னும் பழைய வீட்டில்தான் இருப்பார். டி செவன்த்தில் இருக்கும் எஃப் ஷார்ப் அவரைப் புது வீட்டுக்குள் கொண்டுவந்துவிடும். எஃப்-க்குப் போக வேண்டுமானால் சி-யோடு பி ஃபிளாட்டைச் சேர்த்து சி செவன்த் ஆக்கினாலே போதும்.

கடைசிச் சரணத்தை அரைக் கட்டை ஏற்றிப் பாடும் வழக்கத்துக்குப் பொதுவான வாசல் எதுவும் இல்லை. 1-இலிருந்து 1½-க்குப் போக ஒரு தாளவட்டம் முழுக்க ஏ ஃபிளாட் செவன்த்தைப் பிடித்துக் காட்டுங்கள். பாடகருக்குப் புதிய ச காதில் விழுந்துவிடும். அது இல்லாமல் திடீரென்று ஏற்றினால் அவர் முதல் சொல்லைத் தடவித்தான் எடுப்பார். 1-இலிருந்து 2-க்கு ஏறுவதாக இருந்தால் ஏ செவன்த்.

கீபோர்டின் ஒலியை மட்டும் ஏற்றி இறக்கும் டிரான்ஸ்போஸ் பட்டன் இருக்கிறதே என்று கேட்பவர்களுக்கு: அது நல்ல வசதி. ஆனால் +1 (ஓர் அரை ஏற்றம்) வைத்து சி வாசித்துக்கொண்டிருக்கும்போது கிடார்காரர் "என்ன கட்டை?" என்று கேட்டால் வாய் தன்னால் "ஒண்ணு" என்றுதான் சொல்லும். அவர் சி பிடிப்பார், ஸ்பீக்கரில் வருவது டி ஃபிளாட். அடுத்த பாட்டுக்கு பூஜ்யத்துக்குத் திருப்ப மறந்தாலும் இதே கதி. பட்டனைப் பயன்படுத்தினால், ஒலிக்கும் கட்டையை மட்டும் வாயால் சொல்வது என்று குழுவில் ஒரே முடிவாக வைத்துக்கொள்ளுங்கள்.

பேண்டு செட்டும் கொயரும்

ராயபுரம், பெரம்பூர் பக்கத்து ஆலயங்களிலும் பேண்டு செட்டுகளிலும் டிரம்பெட்டும் சாக்ஸபோனும் சேரும்போது கணக்கு இன்னொரு படி கூடுகிறது. வழக்கமான டிரம்பெட்டும் கிளாரினெட்டும் பி ஃபிளாட் வாத்தியங்கள். அவர்கள் சி என்று வாசித்தால் ஒலிப்பது பி ஃபிளாட். ஆகவே கீபோர்டின் கட்டையிலிருந்து ஒரு முழு மேலே அவர்கள் வாசிக்க வேண்டும். ஆல்டோ சாக்ஸ் ஈ ஃபிளாட் வாத்தியம். அவருக்கு மூன்று அரை கீழே. கீபோர்டில் 1 கட்டை என்றால் டிரம்பெட்டுக்கு டி, ஆல்டோவுக்கு ஏ.

கீபோர்டில் 6 கட்டை எடுத்தால் டிரம்பெட்டுக்கு பி, ஐந்து ஷார்ப்; ஆல்டோவுக்கு எஃப் ஷார்ப், ஆறு ஷார்ப். பாவம், திணறுவார்கள். அதையே அரை ஏற்றி 6½-இல் எடுத்தால் டிரம்பெட்டுக்கு வெறும் சி, ஆல்டோவுக்கு ஒரே ஷார்ப் உள்ள ஜி. பித்தளை வாத்தியக்காரர்கள் 6½, 2½, 4 என்று கேட்பது இதனால்தான். கிடார்காரருக்கோ திறந்த கம்பிகள் ஒலிக்கும் ஜி, டி, ஏ, ஈ சுகம். வட்டத்தின் இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர். சமாதானத்துக்கு வழி, கிடார் கம்பிகளை அழுத்திப் பிடிக்கும் கவ்வியான கேப்போ: மூன்றாவது ஃபிரெட்டில் மாட்டி ஜி வடிவம் பிடித்தால் 6½, சி வடிவம் பிடித்தால் 2½, டி வடிவம் பிடித்தால் 4.

பாட்டு வரிசை போடும்போது

தபேலாவை மறந்துவிட்டுத்தான் பலர் வரிசை போடுகிறார்கள். வலது தபேலா ஒரு சுரத்தில் கட்டியிருக்கும். இரண்டு பாட்டுக்கு நடுவில் சுத்தியலால் தட்டி அரைக் கட்டை மாற்றவே நேரம் போதாது. அது சி-யில் இருந்தால் 1 கட்டைப் பாட்டுக்கு ச, 4 கட்டைப் பாட்டுக்கு ப, 5 கட்டைப் பாட்டுக்கு ம. மூன்றிலும் இசைவாகக் கேட்கும். 1½ கட்டைப் பாட்டு வந்துவிட்டால் அதே தபேலா நி-யாக நின்று ஒவ்வொரு தட்டிலும் ச-வோடு மோதும்.

எனவே பாட்டுகளைக் கிளைப்படி மூன்று மூன்றாகக் கட்டுங்கள். சி தபேலாவுக்கு 4, 1, 5. ஜி தபேலாவுக்கு 1, 5, 2. ஆண் குரல் 1 கட்டையிலும் பெண் குரல் 5 கட்டையிலும் பாடும் குழுவில் இந்த இரண்டு தபேலாவில் எது இருந்தாலும் இருவருக்கும் சரியாக இருக்கும். குரல்கள் 1½-உம் 5½-உம் என்றால் தபேலாவை 1½-இல் கட்டி, 4½, 1½, 5½ பாட்டுகளை ஒன்றாகச் சேருங்கள். ஒரு கட்டிலிருந்து அடுத்த கட்டுக்கு மாறும் இடத்தில், தபேலா மாற்றி வைக்கும் நேரம் வரை டோலக் மட்டும் ஓடும் ஒரு பாட்டை வையுங்கள்.